பல்லிடையில் வெள்ளை நூல்

ஒதீல் அக்காவின் உதட்டில் எப்போதும் ஏழெட்டுக் குண்டூசிகள் இருக்கும். அவற்றைக் கவ்வியபடியே வெர்லோ கிராமம் முழுவதையும் திட்டித் தீர்ப்பாள்.

"திரும்பு. அந்தப் பக்கம் இல்லடி, இந்தப் பக்கம். மாடுகூட சொன்னாத் திரும்பும்."

மேசைமேல் நின்றிருந்த சிமோன் திரும்பினாள். அவள் போட்டிருந்தது, மாதா கோயிலில் முதன்முதலாக அப்பம் வாங்கும் புதுநன்மைக்கான வெள்ளை உடுப்பு. ஒனோரே சாமியார் வீட்டு ஜன்னல் திரையை வெட்டித் தைத்தது. 1943 மே மாதம் பெல்ஜியத்தில் வெள்ளைத் துணி வேறெங்கே கிடைக்கும்? அந்த வருடம் புதுநன்மை வாங்கப் போகிற பெண் குழந்தைகள் எட்டுப் பேர். எட்டுப் பேருக்கும் ஒதீல் அக்காதான் தைத்தாள்.

"ரெண்டு கையும் ஒரே அளவா இருக்கா பாரு ஜெர்மேன். இல்ல, உன் பொண்ணுக்கே ஒரு கை நீளமா?"

"சரியாத்தான் இருக்குக்கா."

ஜெர்மேன் என்பது நான். அடையாள அட்டையில் அப்படித்தான் இருந்தது. ஊர் துர்னே. கணவன் ஜெர்மனியில் போர்க்கைதி. ஒரே மகள் சிமோன், வயது ஏழு. துர்னே என்று போடச் சொன்னவர் சாமியார். குண்டு விழுந்து அந்த ஊரில் பாதி எரிந்துபோயிருந்தது; காகிதமெல்லாம் வீட்டோடு போய்விட்டது என்று சொன்னால் நம்புவார்கள்.

என் உண்மைப் பெயர் கித்தல். பிரஸ்ஸல்ஸில் வளர்ந்த யூதப் பெண். எனக்குக் கல்யாணமே ஆகவில்லை. சிமோன் என் அக்கா ஃப்ராடலின் மகள் ப்ளூமா. வெளியே என்னை அம்மா என்பாள். கதவைச் சாத்தியதும் சித்தி என்பாள். எட்டு மாதங்களில் ஒரு தடவைகூட மாற்றிச் சொன்னதில்லை.

நான் சாமியார் வீட்டில் சமைத்தேன், துவைத்தேன். ஞாயிறுதோறும் இரண்டு பேரும் மாதா கோயிலில் எல்லோரோடும் முழங்கால் போட்டோம். ஆனால் புதுநன்மை என்றதும் நான் உட்கார்ந்து அழுதுவிட்டேன். சாமியார்தான் சமாதானம் சொன்னார்.

"வகுப்பே வரிசையில நிக்கும்போது இவ மட்டும் நிக்கலைன்னா ஊர் கேக்கும்மா. நான் இவ நாக்குல வெக்கப்போறது ஜெபிக்காத வெறும் அப்பம். மாவும் தண்ணியும். அது உங்க ஆண்டவருக்கும் தெரியும், எங்க ஆண்டவருக்கும் தெரியும்."

அந்தத் திங்கட்கிழமை தையல் கடையில் எங்களைத் தவிர இன்னொருத்தியும் உட்கார்ந்திருந்தாள். மதாம் லெயோனி. ஜெர்மன்காரர்கள் கொண்டுவந்து உட்கார வைத்த கிராமத் தலைவரின் மனைவி. பழைய தலைவரை எங்கே கொண்டுபோனார்கள் என்று யாரும் சத்தமாகக் கேட்பதில்லை. கூட வந்திருந்த அவள் மகள் ஜினெத்தும் எட்டுப் பேரில் ஒருத்தி.

"உடுப்பை இப்ப கழட்டினா கைப்பட்டிக் குண்டூசி எல்லாம் கொட்டிடும்," என்றாள் ஒதீல் அக்கா. "உடம்புலயே வெச்சு நாலு தையல் போட்டுடறேன். ஆடாம நில்லு."

சிமோன் குனிந்தாள். மேசைமேல் கிடந்த வெள்ளை நூல் ஒன்றை எடுத்தாள். வாயில் வைத்து மெல்ல ஆரம்பித்தாள்.

நான் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன். எதுவும் தோன்றவில்லை. எங்கள் வீட்டில் எல்லோரும் தையல்காரர்கள். போட்டிருக்கும் துணியில் ஒரு பட்டன் தைத்தால்கூட, தைத்து முடிக்கும்வரை நூலை மென்றுகொண்டு நிற்க வேண்டும். செத்தவர்களுக்குத்தான் உடம்போடு சேர்த்துத் துணியைத் தைப்பார்கள். நான் இன்னும் உயிரோடுதான் இருக்கிறேன் என்று காட்டுவதற்காக மெல்வது. குழந்தைகளிடம் சாவைப் பற்றிச் சொல்ல முடியாதே. புத்தி போய்விடும் என்று சொல்வோம்.

மதாம் லெயோனிதான் முதலில் சிரித்தாள்.

"ஐயோ, இந்தக் குழந்தை நூலைத் தின்னுதே! ஏன் ஜெர்மேன், சாமியார் வீட்ல உருளைக்கிழங்குகூடத் தீந்துபோச்சா?"

"விளையாட்டு மதாம். துப்புடி."

"துப்பக் கூடாது," என்றாள் சிமோன். பெரியவர்கள் கேட்டால் முழுப் பதில் சொல்ல வேண்டும் என்று என் அக்கா ஃப்ராடல் பழக்கியிருந்தாள். "போட்டிருக்கும்போது தெச்சா நூலை மெல்லணும். இல்லன்னா புத்தியையும் சேத்துத் தெச்சுடுவாங்க."

"அடேயப்பா! யாரு சொன்னா?"

"எங்க அம்மா."

மதாம் என் பக்கம் திரும்பினாள். "நீயா? துர்னேல இப்படிச் சொல்வாங்களா? என் மாமியார் துர்னேதான். இருபது வருஷமா அவங்க வாயிலேருந்து வராத பேச்சே கிடையாது. இதை மட்டும் நான் கேட்டதில்லையே?"

"எங்க தெருவுல சொல்வாங்க மதாம்."

"எந்தத் தெரு?"

"ஆத்தங்கரைப் பக்கம்."

"ஞாயித்துக்கிழமை புதுநன்மைக்கு வராங்க. கேக்கறேன். எங்க வீட்டுக்காரர்கிட்டயும் சொல்லணும், சிரிப்பாரு. சாப்பிட வர்ற ஜெர்மன் ஆபீசர் ஒருத்தர் இருக்காரு, அவருக்கு இந்த மாதிரி விஷயம்னா உயிரு. எந்த ஜனங்க என்ன செய்வாங்கன்னு நோட்டுப் போட்டு எழுதி வெச்சிருக்காரு."

ஒதீல் அக்காவின் ஊசி நின்றது. குண்டூசிகளுக்கு மேலே அவள் கண்கள் என்னைப் பார்த்தன.

மதாமும் ஜினெத்தும் போன பிறகு, குண்டூசிகளை ஒவ்வொன்றாக எடுத்துப் பஞ்சுத் திண்டில் குத்தினாள்.

"பிரஸ்ஸல்ஸ்ல பதினோரு வருஷம் தெச்சேன், தெரியுமா?"

"தெரியாதுக்கா."

"ஸ்டேஷனுக்குப் பின்னாடி ஒரு கோட்டுக் கடை. முதலாளி போலந்துலேருந்து வந்தவன், ஷூலிம்னு பேரு. அந்தக் கடையில ஒருத்தன் போட்டிருக்கிற சட்டையில பட்டன் தெச்சுக்கிட்டான்னா, வாயில நூல் இல்லாம நிக்க மாட்டான். முதலாளியும் சரி, இஸ்திரி போடறவனும் சரி. ஆடு மாதிரி மென்னுக்கிட்டு நிப்பாங்க. வேற எங்கயும் நான் அதைப் பாத்ததில்ல."

நான் சிமோனை என் பக்கம் இழுத்துக்கொண்டேன்.

"பதினோராவது வருஷம் என்னை வெளிய அனுப்பினான். ஒரு சுருள் பட்டு காணாமப் போச்சாம். நான் எடுக்கல."

"அக்கா..."

"வியாழக்கிழமை எட்டுப் பேருக்கும் கடைசி அளவு. பொண்ணைக் கூட்டிட்டு வா."

"அக்கா, நாங்க வந்து..."

"வியாழக்கிழமைன்னேன்."

கதவைச் சாத்திவிட்டாள்.

கல்லறைச் சுவர் ஓரமாக வந்ததும் சிமோனின் கன்னத்தில் அறைந்தேன். அதற்கு முன்னால் அவளை நான் தொட்டு அடித்ததில்லை.

"எத்தனை தடவை சொல்லிருக்கேன்! நம்ம வீட்ல செஞ்சது எதையும் இங்க செய்யாதேன்னு!"

"நூலைச் சொல்லலையே," என்றாள்.

உண்மைதான். வெள்ளிக்கிழமை விளக்கைப் பற்றி வாய் திறக்காதே என்று சொல்லியிருந்தேன். பன்றிக்கறி போட்டால் முகம் சுளிக்காமல் சாப்பிடு, கதவு நிலையைத் தொட்டு முத்தமிடாதே, கனவில்கூட நம் இத்திஷ் மொழியில் பேசாதே. எல்லாம் சொல்லியிருந்தேன். நூலைச் சொல்லவில்லை. அது எங்களுடைய வழக்கம் என்றே எனக்குத் தெரியாது. உலகத்தில் எல்லோரும் அப்படித்தான் தைத்துக்கொள்வார்கள் என்று நினைத்திருந்தேன்.

"இனிமே நூலை வாயில வெச்சே, அடி பின்னிடுவேன்."

"அப்ப புத்தி போயிடுமே."

"போகட்டும்!"

"புத்தி போயிட்டா, அம்மா வரும்போது எனக்கு அடையாளம் தெரியாது."

கன்னத்தில் என் விரல்கள் பதிந்திருந்தன. அவள் அழவில்லை. ஃப்ராடலைப் போன செப்டம்பரில் பிடித்துக்கொண்டு போனார்கள். மெக்கலன் முகாமிலிருந்து ஒரே ஒரு அட்டை வந்தது, கிழக்கே வேலைக்கு அனுப்புகிறார்கள் என்று. அந்த அட்டையைக் குழந்தைக்கு நான் காட்டவில்லை.

சாமியார் சமையலறையில் கிழங்கு உரித்துக்கொண்டிருந்தார். எனக்கு உதவுகிறேன் என்று பாதிக் கிழங்கைத் தோலோடு சீவித் தள்ளுவார்.

"கிளம்பிடறோம் சாமி."

"எங்க?"

நடந்ததைச் சொன்னேன். கத்தியைக் கீழே வைத்துவிட்டுக் கேட்டார்.

"எங்கன்னு கேட்டேன்."

"எங்கயாவது."

"எங்கயாவதுங்கற ஊரு இந்தப் பக்கம் இல்லம்மா. எனக்குத் தெரிஞ்ச வீடெல்லாம் நெறஞ்சு கிடக்கு. புதுநன்மைக்கு ஆறு நாள் இருக்கும்போது நீ ஓடினா, வேற சாட்சியே வேண்டாம் அவங்களுக்கு."

"ஒதீல் அக்கா சொல்லிடுவாங்களா?"

அவர் இன்னொரு கிழங்கை எடுத்து, மெதுவாக உரித்தார்.

"பதினஞ்சு வருஷமா அவ செஞ்ச பாவத்தை எல்லாம் பாவசங்கீர்த்தனத்துல கேக்கறேன். அவ நாக்கு எனக்கு நல்லாத் தெரியும். மனசு தெரியாது." பிறகு, சொல்லாமல் இருக்க முடியாதவர்போல: "அவ அண்ணன் பையன் கறுப்புச் சட்டை போட்டுக்கிட்டு, ஜெர்மன்காரங்களோட ரஷ்யாவுக்குச் சண்டைக்குப் போயிருக்கான். அதையும் நீ தெரிஞ்சுக்கணும்."

மூன்று நாட்கள். சாலையில் வண்டிச் சத்தம் கேட்டால் நான் கையில் இருந்ததைப் போட்டுவிட்டு நிற்பேன். சிமோன் சாப்பிட்டாள், பள்ளிக்கூடம் போனாள், ஜெபத்தை மனப்பாடம் செய்தாள். என்னிடம் பேசவில்லை. அம்மா என்றும் கூப்பிடவில்லை, சித்தி என்றும் கூப்பிடவில்லை.

வியாழக்கிழமை மத்தியானம் தையல் கடைக் கதவைத் திறந்தேன்.

உள்ளே ஏழு சிறுமிகள் வெள்ளை உடுப்பில் வரிசையாக நின்றிருந்தார்கள். ஏழு பேர் வாயிலிருந்தும் வெள்ளை நூல் தொங்கியது. ஏழு பேரும் மென்றுகொண்டிருந்தார்கள். சுவரோரம் அவர்களுடைய அம்மாக்கள் பெஞ்சில் உட்கார்ந்து சிரித்துக்கொண்டிருந்தார்கள்.

"மெல்லு, மெல்லு," என்று அதட்டினாள் ஒதீல் அக்கா. "துப்பினவளுக்குத் தெக்க மாட்டேன். புத்தியைத் தெச்சுட்டேன்னு நாளைக்கு உங்க டீச்சர் இங்க வந்து நிக்கக் கூடாது."

நடுவில் நாற்காலியில் மதாம் லெயோனி. "என்ன ஒதீல், கடை மாட்டுத் தொழுவமாயிடுச்சே!"

"கோட்டுக் கடையில கத்துக்கிட்டது மதாம். வாயில நூல் இருந்தா வாயாடாதுங்க, ஆடாதுங்க, அழாதுங்க. எட்டு வாண்டுங்களை நிக்க வெச்சுத் தெக்கறதுக்கு வேற என்ன வழி? சும்மா மெல்லுன்னா மெல்லுமா? அதான் புத்தி கித்தின்னு ஒரு பயம் காட்டறது."

"அப்ப, அன்னிக்கு இந்த சிமோன் சொன்னது..."

"நான் சொன்னதுதான். ஜனவரில இவ அம்மா கோட்டுக்குக் கை மாத்தினேன், போட்டபடியே. அம்மா வாயிலயும் நூலைத் திணிச்சேன். பொண்ணு பக்கத்துல நின்னு பாத்துக்கிட்டு இருந்துச்சு. என்ன ஜெர்மேன்?"

ஜனவரியில் என்னிடம் கோட்டே இல்லை. சாமியாரின் பழைய போர்வையைச் சுற்றிக்கொண்டு திரிந்தேன்.

"ஆமாக்கா," என்றேன்.

"ஆனா நீ ஆத்தங்கரைத் தெருவுல சொல்வாங்கன்னியே?"

மதாம் சிரித்துக்கொண்டுதான் கேட்டாள். பெஞ்சில் எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். ஒதீல் அக்காவும் பார்த்தாள்.

"பின்னே எப்படிச் சொல்றது மதாம்? 'இந்த உளறலை எல்லாம் ஒதீல் அக்காதான் குழந்தைக்குக் கத்துக் குடுத்தாங்க'ன்னு அவங்க முன்னாடியே சொல்ல முடியுமா? கையில ஊசி வெச்சிருந்தாங்களே!"

பெஞ்சு முழுக்கச் சிரித்தது. ஒருத்தி, "இவளுக்கும் வாய் இருக்கே!" என்றாள். மதாமும் சிரித்தாள். "நல்லவேளை, மாமியாருக்கு இன்னும் எழுதல. என்னையே கேலி பண்ணிருப்பாங்க. எங்க வீட்டுக்காரர்கிட்ட சொல்லலாம்னா, அவரு இந்த வாரம் வீட்டுக்கே வரல."

"உங்க காலர் கொக்கி தொங்குது மதாம்," என்றாள் ஒதீல் அக்கா. "எந்திரிங்க. ரெண்டு தையல் போட்டுடறேன்."

மதாம் எழுந்து கழுத்தைக் காட்டினாள். ஒதீல் அக்கா ஒரு முழம் நூலை அறுத்தாள்.

"வாயைத் தெறங்க."

"எனக்குமா?"

"இந்தக் கடையில எல்லாருக்கும் ஒரே சட்டம்தான்."

அம்மாக்கள் மூச்சைப் பிடித்துக்கொண்டு பார்த்தார்கள். மதாம் லெயோனி ஒரு கணம் யோசித்தாள். பிறகு சிரித்தபடி வாயைத் திறந்தாள். தலைவரின் மனைவி ஷூலிமின் கடை வழக்கப்படி நூலை மென்றுகொண்டு நின்றாள்.

"அடுத்து யாரு? சிமோன், மேலே ஏறு."

சிமோன் மேசைமேல் ஏறினாள். ஒதீல் அக்கா நூலை நீட்டினாள். "ம்."

சிமோன் உதட்டை இறுக மூடிக்கொண்டாள்.

"பிடிடி."

மாட்டேன் என்று தலையை ஆட்டினாள். அவள் கண்கள் என்மேல் இருந்தன. நான்தானே சொன்னேன், நூலை வாயில் வைத்தால் அடி பின்னிவிடுவேன் என்று. அவள் சொன்ன பேச்சைக் கேட்கிற குழந்தை.

மதாம் வாயில் நூலோடு திரும்பினாள். "இவளுக்கு என்ன வந்துச்சு? அன்னிக்கு யாரும் சொல்லாமலே எடுத்து வெச்சுக்கிட்டா. இன்னிக்கு எல்லாரும் மெல்லும்போது இவ மட்டும் வேண்டாங்கறா?"

சிரிப்பு அடங்கியது.

நான் எழுந்து போனேன். ஒதீல் அக்காவின் கையிலிருந்து நூலை வாங்கினேன். பல்லால் கடித்து இரண்டாக்கினேன். ஒரு பாதியை என் வாயில் வைத்துக்கொண்டேன்.

"தப்பு என்மேலதான் மதாம். அன்னிக்கு உங்க முன்னாடி நூலைத் தின்னு மானத்தை வாங்கிட்டாளேன்னு போற வழியில அறைஞ்சுட்டேன். அதான் பயப்படறா." பிறகு அவளிடம், "அம்மா தெரியாம அடிச்சுட்டேன். மென்னுக்கோ. புத்தி போகக் கூடாது."



"அப்ப அடையாளம் தெரியுமா?" என்று சிமோன் கேட்டாள்.

அங்கே யாருக்கும் புரியவில்லை. எனக்குப் புரிந்தது.

"தெரியும்," என்றேன்.

வாயைத் திறந்தாள்.

எல்லோரும் போன பிறகு சிமோனை வாசலில் நிறுத்திவிட்டு உள்ளே திரும்பி வந்தேன். ஒதீல் அக்கா தரையில் சிந்திய குண்டூசிகளைக் காந்தத்தால் பொறுக்கிக்கொண்டிருந்தாள்.

"அக்கா."

"உடுப்பை நாளைக்கு அனுப்பறேன். இஸ்திரி பாக்கி."

"அக்கா, நீங்க எதுக்கு..."

"எதுக்குன்னா? எட்டு உடுப்பு தெச்சேன். அவ்வளவுதான்." நிமிராமலே பேசினாள். "போன நவம்பர்ல பட்டன் வாங்க பிரஸ்ஸல்ஸ் போனேன். அந்தக் கடைப் பக்கமும் போனேன். அந்தப் பட்டுச் சுருளை நான் எடுக்கலடான்னு அவன் மூஞ்சிக்கு நேரா இன்னொரு தடவை சொல்லிட்டு வரலாம்னு. கடை பூட்டிக் கிடக்கு. கதவுல ஜெர்மன் சீல். பக்கத்து வீட்டுல கேட்டா, பொண்டாட்டி பிள்ளைங்களோட லாரில ஏத்திட்டுப் போயிட்டாங்களாம்."

காந்தத்திலிருந்து குண்டூசிகளை உதறினாள்.

"நான் இப்ப யார்கிட்டடி போய்ச் சொல்றது?"

குண்டூசிகளை எடுத்து உதட்டில் வைத்துக்கொண்டாள். நான் வெளியே வந்தேன்.

சிமோன் கையைப் பிடித்துக்கொண்டு நடந்தேன். கல்லறைச் சுவர் வந்தது. என் பாதி நூல் அப்போதும் என் பல்லிடையில் இருந்தது. எடுத்துப் பையில் போட்டுக்கொண்டேன்.

"உன் நூல் எங்க? துப்பிட்டியா?"

"முழுங்கிட்டேன்."

"எதுக்குடி?"

"வாயில இருந்தா தெச்சு முடிக்கிற வரைக்கும்தான். வயித்துல இருந்தா அம்மா வர்ற வரைக்கும் புத்தி இருக்கும்ல, சித்தி?"

தெருவில் அவள் என்னைச் சித்தி என்று கூப்பிட்டது அதுதான் முதல் தடவை. திரும்பிப் பார்த்தேன். பின்னால் ஒதீல் அக்காவின் கடை வரைக்கும் சாலை காலியாக இருந்தது.

"இருக்கும்," என்றேன்.